உங்களுக்குத் தெரியுமா? கேமை நீக்கினால் டிரைவே காலி!

1998 கடைசியில் வந்த ‘மித் 2: சோல்பிளைட்டர்’ கேமை அன்இன்ஸ்டால் செய்தால், அது இருந்த ஃபோல்டரையே மொத்தமாகத் துடைத்துவிடும். வழக்கமான இடத்தில் போட்டவர்கள் தப்பித்தார்கள். தனி ஃபோல்டர் இல்லாமல் நேராக ‘சி’ டிரைவில் போட்டிருந்தால்? கேமோடு சேர்ந்து விண்டோஸும் போச்சு! கேமை உருவாக்கிய பன்ஜி நிறுவனம் பதறிப்போய், அனுப்பிய பெட்டிகளைத் திரும்பப் பெற்று, பிழை திருத்திய 1.1 பதிப்பை விட்டது.

• 2007 டிசம்பரில் ‘ஈவ் ஆன்லைன்’ அப்டேட் அழித்தது ஒரே ஒரு குட்டி ஃபைல்தான்: பூட்.ஐஎன்ஐ. விண்டோஸ் எக்ஸ்பி எழுந்திருக்க அதுதான் வேண்டும். கேமும் அதே பெயரில் ஒரு ஃபைல் வைத்திருந்ததால் வந்த வினை.

• இன்று கதை தலைகீழ். மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பை நீக்கிய பிறகும், நீங்கள் கட்டிய உலகங்களும் போட்ட மாடுகளும் (மேயும் மாடு அல்ல, ‘மாட்’ ஃபைல்கள்) ‘ஆப்டேட்டா’வுக்குள் ‘ரோமிங்’கில், ‘.மைன்கிராஃப்ட்’ ஃபோல்டரில் சப்தமில்லாமல் கிடக்கும்.

• ஸ்டீமில் கிளவுட் வசதியுள்ள கேம் என்றால், சேவ் ஃபைலைக் கையால் அழித்தாலும் மறுபடி இன்ஸ்டால் செய்ததும் பழைய ஆட்டம் திரும்பி வரக்கூடும்.