நாய் குட்டி போடும் முன்னே

உங்கள் வீட்டு நாய் சினையாக இருக்கிறதா? நாயின் சினைக்காலம் ஏறத்தாழ 63 நாள். அது முடிவதற்கு ஒரு வாரம் முன்பே, ஆள் நடமாட்டம் குறைந்த மூலையில், தாய் காலை நீட்டிப் படுக்கிற அளவுக்கு ஒரு பெட்டி வையுங்கள். உள்ளே செய்தித்தாள், அதன்மேல் துவைத்த பருத்தித் துணி.

தினமும் இரண்டு வேளை ஆசனவாயில் தெர்மாமீட்டர் வைத்துப் பாருங்கள். வழக்கமாக 101 டிகிரி ஃபாரன்ஹீட் அளவில் இருக்கும் சூடு 99-க்குக் கீழே இறங்கினால், பெரும்பாலும் 24 மணி நேரத்துக்குள் குட்டி போடும். தாய் சோற்றை ஒதுக்கும், மூச்சிரைக்கும், துணியைப் பிறாண்டும்.

பிறந்த குட்டியின் மேலுள்ள சவ்வைத் தாயே நக்கி எடுத்துவிடும். எடுக்காவிட்டால், சுத்தமான துண்டால் மூக்கையும் வாயையும் உடனே துடைத்து, உடம்பைத் தேய்த்துவிடுங்கள். குட்டிகள் மேல் மின்விசிறிக் காற்று படக்கூடாது. முதல் நாளிலேயே எல்லாக் குட்டிகளும் சீம்பால் குடிக்க வேண்டும்.

அரை மணி நேரம் விடாமல் முக்கியும் குட்டி வரவில்லையா? வயிற்றில் குட்டி இருந்தும் அடுத்தது வர 2 மணி நேரத்துக்கு மேல் ஆகிறதா? காத்திருக்காதீர்கள், கால்நடை மருத்துவரை அழையுங்கள். இரவில் வரக்கூடிய மருத்துவர் யார் என்று இன்றே விசாரித்து, அவருடைய எண்ணைக் குறித்துவையுங்கள்.