ஓடி வேட்டையாடிய ஆந்தை

ஆந்தை என்றதும் நமக்கு என்ன ஞாபகம் வரும்? ராத்திரி, மரப்பொந்து, அலறல், 'கெட்ட சகுனம்' என்ற பேச்சு. அவ்வளவுதான்! நம்ம பிட்டிங் ஷாப்பில் இருக்கிற பெஞ்ச் வைஸ் உயரத்துக்கு ஒரு ஆந்தை நின்றால் எப்படி இருக்கும்?

கதையல்ல, நிஜம்! பனியுகத்தின் கடைசிக் காலத்தில் கியூபா தீவில் அது வாழ்ந்தது. பெயர் ஆர்னிமெகலோனிக்ஸ். உயரம் சுமார் 1.1 மீட்டர். எடை 9 கிலோ அளவுக்கு இருக்கும் என்று கணக்கிடுகிறார்கள். இன்றைய மிகப் பெரிய ஆந்தைகளே 4.5 கிலோதான்!

குகைகளில் கிடைத்த இதன் எலும்புகளுக்கு 1958-ல் பெயர் வைத்தவர் கியூபாவின் ஆஸ்கார் அர்ரெடொண்டோ. எலும்பு இவ்வளவு பெரிசா இருக்கவே, தென் அமெரிக்காவில் வாழ்ந்த பறக்காத ராட்சதப் பறவைகளின் இனம் என்றே முதலில் கருதினார்கள். 1961-ல் அமெரிக்க விஞ்ஞானி பியர்ஸ் பிராட்கார்ப் எலும்பின் அமைப்பை ஆராய்ந்து, "இது ஆந்தை" என்று காட்டினார்.

சரி, இது பறந்ததா? பறவையின் மார்பெலும்பின் நடுவே, படகின் அடிக்கட்டை மாதிரி ஒரு மேடு உண்டு. சிறகை இயக்கும் தசைக்கு அதுதான் பவுண்டேஷன். இந்த ஆந்தைக்கு அது சிறுத்துப் போயிருந்தது. கால்களோ நீளமானவை, பலமானவை. நாம் படித்த கணக்கும் இங்கே பொருந்தும். உருவம் எல்லாப் பக்கமும் 2 மடங்கானால் சிறகின் பரப்பு 4 மடங்காகும். எடையோ 8 மடங்காகிவிடும். ஆகவே, பெரும்பாலும் ஓடித்தான் இரை பிடித்திருக்கும். பறந்தாலும் கொஞ்ச தூரம்தான்.

கியூபாவில் புலி, ஓநாய் போன்ற விலங்குகள் கிடையாது. காலியாக இருந்த அந்த வேட்டைக்காரன் வேலையை ஆந்தை எடுத்துக்கொண்டது! பெரிய எலியினங்களும் தரைவாழ் ஸ்லாத்களின் குட்டிகளும் அதற்கு இரையாகியிருக்கலாம். அந்த ஸ்லாத்களும் இன்று இல்லை, ஆந்தையும் இல்லை. மிஞ்சியவை எலும்புகள் மட்டுமே.

நண்பர்களே, ஒரு பார்ட் கையில் கிடைத்தால் ஸ்கேல் வைத்து அளந்தால் மட்டும் போதாது. அது என்ன வேலை செய்தது, எந்த விசையைத் தாங்கியது என்று கேட்க வேண்டும். அப்படிக் கேட்டதால்தான் ஒரு ராட்சத ஆந்தை நமக்குக் கிடைத்தது!