தாய்க்கு மகன் கட்டிய வீடு

பழைமை என்றதும் கோயிலும் கோட்டையுமே நினைவுக்கு வருகின்றன. நாம் வாழும் காலத்துக்கு அண்மையில் எழுந்த குடும்ப வீட்டையும் வரலாற்றுச் செல்வமாகப் போற்றலாம் என்பதற்குச் சிட்னி நகரின் வடபுறத்தே, வாரூங்காவில் உள்ள ரோஸ் சைட்லர் இல்லம் சான்றாகும்.

1923இல் வியன்னாவில் யூதக் குடும்பத்திற் பிறந்தவர் ஹாரி சைட்லர். நாஜிகள் ஆஸ்திரியாவைக் கைப்பற்றிய 1938ஆம் ஆண்டில் இங்கிலாந்துக்குத் தப்பினார். போர் மூண்டபின், பகைநாட்டார் எனக் கருதப்பட்டு அங்கே காவலில் வைக்கப்பட்டார். பின்னர்க் கனடாவுக்கு அனுப்பப்பட்டார். விடுதலையானதும் கட்டடக் கலை பயின்றார். ஹார்வர்டில் வால்ட்டர் குரோப்பியசின் மாணவராக இருந்தார். நியூயார்க்கில் மார்செல் பிராயரிடம் பணிபுரிந்தார். இதற்கிடையே பெற்றோர் ரோசும் மாக்சும் சிட்னியிற் குடியேறினர். தங்களுக்கு வீடு அமைத்துத் தருமாறு மகனை அழைத்தனர். 1948இல் வந்த ஹாரி, 1950இல் அவ்வீட்டை முடித்தார்.

பெட்டி போன்ற மேல்தளத்தை மணற்கற் சுவர்களும் மெல்லிய எஃகுத் தூண்களும் தாங்குகின்றன. கூரை தட்டையானது; கண்ணாடிச் சுவர்கள் காட்டை வீட்டுக்குள் அழைக்கின்றன. உறங்கும் பகுதி ஒருபுறம், புழங்கும் பகுதி மறுபுறம். நடுவே திறந்த தளம். அதன் சுவரில் ஹாரி தம் கையாலேயே வண்ண ஓவியம் தீட்டினார். செங்கற் சுவரும் ஓட்டுக் கூரையும் பழகிய ஊருக்கு இது பெரும் புதுமை. 1951ஆம் ஆண்டுக்குரிய சல்மான் பதக்கம் இதற்குக் கிடைத்தது.

வீட்டுப் பொருள்களையும் மகனே தெரிந்தெடுத்தார். தாயாரின் பழைய வியன்னாப் பொருள்களுக்கு அங்கே இடமில்லை. வேலைப்பாடுள்ள வெள்ளிக் கரண்டிகளை மட்டும் அவர் வைத்துக்கொண்டார் என்றும், மகன் இல்லாத வேளையிலேயே அவற்றை எடுத்தார் என்றும் சொல்வர்.

1967இல் பெற்றோர் வீட்டைவிட்டுச் சென்றனர். பின்னர் அது வாடகைக்கு விடப்பட்டது. 1988இல் நியூ சவுத் வேல்ஸ் வரலாற்று இல்ல அறக்கட்டளையின் பொறுப்புக்கு வந்தது. சீர்செய்யப்பட்டு, 1991இல் பொதுமக்களுக்குத் திறக்கப்பட்டது.

புதுப்பித்தல் வேறு, மீட்டல் வேறு. புதுப்பிப்போர் இன்றைய வசதியை நாடுவர். மீட்போரோ, வீட்டை எந்த ஆண்டின் தோற்றத்துக்குக் கொண்டு செல்வது என்பதை முதலில் முடிவு செய்யவேண்டும். இங்குத் தெரிந்தெடுத்த ஆண்டு 1950. ஆகவே வண்ணங்களும் அறைகலன்களும் அவ்வாண்டை ஒட்டியே அமைந்தன. இதில் ஆதாயமும் உண்டு, இழப்பும் உண்டு. கலைஞன் கண்ட கனவு தெளிவாகத் தெரிகிறது. அதற்குப் பின் அங்கே வாழ்ந்தோர் விட்ட சுவடுகள் மறைகின்றன.

அவ்வீட்டின் அழகை மகனின் கோடுகள் சொல்லும். நாடிழந்து வந்த ஒரு தாயின் வாழ்வை அந்த வெள்ளிக் கரண்டிகளே சொல்லும். இரண்டையும் சேர்த்துக் காப்பதே வரலாற்றைக் காப்பதாகும்.