25 லட்சம் கடன், 50 லட்சம் வீடு: ஹோம் லோனின் உண்மையான விலை என்ன?



போன மாசம் ஊருக்குப் போயிருந்தேன். மங்கலம்பேட்டை. விருத்தாசலத்துல இருந்து உளுந்தூர்பேட்டை போற ரோட்டுல இருக்கிற ஒரு பேரூராட்சி. விருத்தாசலம்னா பீங்கான் தொழிற்பேட்டை ஞாபகம் வரும். இப்போ அந்த ரோட்டுல பஸ்ல போனா, வழி நெடுக மனைப்பிரிவு போர்டுதான் கண்ணுல படுது. நெய்வேலி, கடலூர், சென்னைன்னு வேலைக்குப் போற பசங்க ஊர்ல ஒரு மனையை வாங்கி, லோன் போட்டு வீடு கட்டுறாங்க. ரொம்ப சந்தோஷமான விஷயம்.

எங்க சித்தப்பா பையனும் அப்படித்தான். 2021 மே மாசம் 25 லட்சம் லோன் போட்டான். வட்டி 6.75 சதவீதம், 20 வருஷம், மாசம் 19,009 ரூபாய் இ.எம்.ஐ. அப்போ அவனுக்கு வயசு 31. "51 வயசுல கடன் முடிஞ்சிடும்ணே, பொண்ணு காலேஜ் முடிக்கிறப்ப கையில காசு இருக்கும்"னு கணக்கு சொன்னான்.

2023-ல ஒரு நாள் போன் பண்ணான். "அண்ணே, ரெண்டு வருஷமா ஒரு மாசம்கூட விடாம கட்டுறேன். இன்னைக்கு ஸ்டேட்மென்ட் எடுத்துப் பார்த்தா, இன்னும் முப்பது வருஷத்துக்கு மேல பாக்கின்னு காட்டுது. நான் ரிட்டயர் ஆனப்புறம் எதை வச்சுண்ணே கட்டுறது?"

இ.எம்.ஐ. ஒரு ரூபாய்கூட ஏறலை. அதனாலதான் அவனுக்கு எதுவும் தெரியவே இல்லை. இந்தக் கட்டுரை அவனுக்கு நடந்தது உங்களுக்கு நடக்காம இருக்கத்தான்.

முதல்ல, அங்க என்னதான் நடந்தது?

2019 அக்டோபர் 1-க்கு அப்புறம் வங்கிகள் கொடுக்கிற ஃப்ளோட்டிங் ஹோம் லோன் எல்லாம் ஒரு வெளி அளவுகோலோட இணைக்கப்படணும்னு ரிசர்வ் வங்கி உத்தரவு போட்டது. பெரும்பாலான வங்கிகள் எடுத்துக்கிட்டது ரெப்போ வட்டி. ரெப்போ ஏறினா உங்க வட்டியும் ஏறும், இறங்கினா இறங்கும். குறைந்தது மூணு மாசத்துக்கு ஒரு தடவை இது திருத்தப்படும்.

2021-ல ரெப்போ 4 சதவீதம். கொரோனா காலத்துக் குறைந்த வட்டி. 2022 மே மாசம் ஏற ஆரம்பிச்சு, 2023 பிப்ரவரியில 6.50-ல போய் நின்னது. பத்தே மாசத்துல இரண்டரை சதவீதம்! தம்பியோட லோன் ரெப்போ கூட்டல் 2.75. ஆக 6.75 இருந்தது 9.25 ஆயிடுச்சு.

கணக்கு சுலபமா இருக்கிறதுக்காக, 24 இ.எம்.ஐ. கட்டின பிறகு ஒரே நாள்ல வட்டி ஏறினதா வச்சுக்குவோம்.

- 24 மாசத்துல கட்டினது: 4,56,216 ரூபாய்
- அதுல வட்டிக்குப் போனது: சுமார் 3.29 லட்சம்
- அசல்ல குறைஞ்சது: சுமார் 1.27 லட்சம்
- பாக்கி அசல்: சுமார் 23.73 லட்சம்

இப்போ 9.25 சதவீதத்துல இந்தப் பாக்கிக்கு ஒரு மாச வட்டி மட்டும் 18,294 ரூபாய். இ.எம்.ஐ. 19,009. அப்போ அசலுக்குப் போறது எவ்வளவு? வெறும் 715 ரூபாய்! ஒரு தடவை குடும்பத்தோட ஓட்டல்ல சாப்பிடுற காசு. 23 லட்சத்துக்கு மேல கடன் இருக்கு, அதுல மாசம் 715 ரூபாய் குறையுது.

இதே வேகத்துல போனா இன்னும் 427 மாசம் கட்டணும். முப்பத்தஞ்சரை வருஷம். மிச்சம் இருந்திருக்க வேண்டியது 216 மாசம்தான்.

ரெண்டு வழி, 32 லட்சம் வித்தியாசம்

வட்டி ஏறினா ரெண்டு வழி இருக்கு. இ.எம்.ஐ.யை ஏத்தலாம், இல்ல காலத்தை நீட்டலாம். 9.25 சதவீதம் கடைசி வரைக்கும் அப்படியே இருந்தா என்ன ஆகும்னு பாருங்க.

- காலத்தை நீட்டினா: மாசம் 19,009, 427 மாசம். இனி கட்டப்போறது சுமார் 81 லட்சம்.
- இ.எம்.ஐ.யை ஏத்தினா: மாசம் 22,596, 216 மாசம். இனி கட்டப்போறது சுமார் 49 லட்சம்.

மாசம் 3,587 ரூபாய் கூடுதலா கட்டியிருந்தா 32 லட்சம் மிச்சம். எந்த வழின்னு தம்பிகிட்ட யாரும் கேட்கலை. கேட்காமலே காலம் நீண்டுபோச்சு.

இப்படி நிறையப் பேருக்கு நடந்ததால 2023 ஆகஸ்ட் 18-ம் தேதி ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. அது சொல்றது இதுதான்: வட்டி திருத்தப்படும்போது இ.எம்.ஐ.யை ஏத்தவா, காலத்தை நீட்டவா, ரெண்டும் கலந்தா என்கிற தேர்வைக் கடன் வாங்கினவருக்குக் கொடுக்கணும். நிலையான வட்டிக்கு மாறவும் வாய்ப்பு கொடுக்கணும்னு 2023-ல அது சொல்லியிருந்தது. ஒவ்வொரு காலாண்டு முடிவிலும் இதுவரை கட்டின அசல், வட்டி, மிச்சம் இருக்கிற தவணை எண்ணிக்கை, வட்டி விகிதம் எல்லாம் உள்ள ஸ்டேட்மென்ட் கிடைக்கச் செய்யணும். பழைய கடன்களுக்கும் இது பொருந்தும்.

தம்பி இதை எடுத்துக்கிட்டுக் கிளைக்குப் போனான். ஒரு கடிதம் கொடுத்தான். மாசம் 4,000 ரூபாய் ஏத்திக் கட்ட ஆரம்பிச்சான். பழைய 2041 கணக்கு திரும்ப வந்தது. வண்டி மாத்துற பிளானை மட்டும் தள்ளி வச்சான்.

இன்னைக்கு லோன் போடப்போறவங்களுக்கு

2025-ல ரெப்போ நாலு தடவை குறைஞ்சு, டிசம்பர்ல 5.25-க்கு வந்தது. அதே 2.75 கூட்டினா 8 சதவீதம். அந்த வட்டியில 25 லட்சம் கடனோட விலை என்னன்னு பார்ப்போம்.

- 15 வருஷம்: இ.எம்.ஐ. 23,891. மொத்த வட்டி 18 லட்சம்.
- 20 வருஷம்: இ.எம்.ஐ. 20,911. மொத்த வட்டி 25.19 லட்சம்.
- 30 வருஷம்: இ.எம்.ஐ. 18,344. மொத்த வட்டி 41.04 லட்சம்.

20 வருஷத்துக்குப் போட்டா வாங்கின கடனுக்குச் சமமா வட்டியும் கட்டுறோம். தலைப்புல சொன்ன 50 லட்சம் அதுதான். 30 வருஷத்துக்கு நீட்டினா மாசம் 2,567 ரூபாய் குறையுது. ஆனா அதுக்காக நாம கொடுக்கிற விலை கிட்டத்தட்ட 16 லட்சம்.

இன்னொரு விஷயம். 20 வருஷ லோன்ல பத்து வருஷம் முடிஞ்சா பாதிக் கடன் முடிஞ்சிடும்னு பலபேர் நினைக்கிறாங்க. இல்லைங்க. முதல் மாச இ.எம்.ஐ.யில 16,667 வட்டி, 4,244தான் அசல். அசல் பாதியாகிறது 164-வது தவணையில. அதாவது 13 வருஷம் 8 மாசம் கழிச்சு!

இ.எம்.ஐ.க்கு வெளியே இருக்கிற செலவு

வீட்டு விலையைக் கேட்கும்போது யாரும் சேர்த்துச் சொல்லாத செலவுகள் இவை.

பத்திரப்பதிவு: தமிழ்நாட்டுல கிரயத்துக்கு முத்திரைத்தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். ஆக 9 சதவீதம். 8 லட்சம் மதிப்புள்ள மனைக்கு 72,000 ரூபாய். 2025 ஏப்ரல் 1 முதல், 10 லட்சம் வரை மதிப்புள்ள சொத்தைப் பெண்கள் பெயரில் பதிஞ்சா பதிவுக் கட்டணத்துல 1 சதவீதம் குறைவு. மனைவி, அம்மா பேர்ல வாங்குறவங்க இதை விடாதீங்க.

அடமானப் பதிவு: மூலப்பத்திரத்தை வங்கியில ஒப்படைக்கிறப்போ அதையும் சார்பதிவாளர் அலுவலகத்துல பதியணும். கடன் தொகையில 0.5 சதவீதம் முத்திரைத்தீர்வை, 1 சதவீதம் பதிவுக் கட்டணம். பதிவுக் கட்டணத்துக்கு உச்சவரம்பு 6,000. 25 லட்சத்துக்கு 12,500 கூட்டல் 6,000, ஆக 18,500 ரூபாய்.

இன்ஷூரன்ஸ்: லோனோட சேர்த்து ஒரே பிரீமியத்துல ஒரு பாலிசியை நீட்டுவாங்க. "கையில இருந்து கட்ட வேண்டாம் சார், லோன்லயே சேர்த்துடலாம்"னு சொல்வாங்க. 60,000 ரூபாய் பிரீமியம் லோன்ல சேர்ந்தா, 8 சதவீதத்துல 20 வருஷத்துல அது 1.2 லட்சம் ஆகும். காப்பீடு வேண்டாம்னு சொல்லலை. கண்டிப்பா வேணும். ஆனா தனியா ஒரு டேர்ம் பாலிசியோட விலையை விசாரிச்சுட்டு முடிவு பண்ணுங்க.

கட்டும் கால வட்டி: ஊர்ல மனை வாங்கிக் கட்டுறவங்களுக்குப் பணம் மொத்தமா வராது. அஸ்திவாரம், லிண்டல், கான்கிரீட்னு கட்டம் கட்டமா வரும். அதுவரைக்கும் வந்த தொகைக்கு வட்டி மட்டும் கட்டுவோம். 10 லட்சம் வந்திருந்தா மாசம் 6,667. இதுல அசல் ஒரு பைசா குறையாது. கூடவே வாடகையும் போகும். மேஸ்திரி ஆறு மாசம் இழுத்தா அந்த நாற்பதாயிரமும் வீட்டோட விலைதான்.

வருமான வரி: "லோன் போடு, டாக்ஸ் மிச்சமாகும்"னு ஆபீஸ்ல சீனியர் சொல்வார். அது அவர் காலத்துக் கணக்கு. புதிய வரி முறையில, நாம குடியிருக்கிற வீட்டுக்கான வட்டிக்குக் கழிவு கிடையாது. 2025-26 முதல் புதிய முறையில 12.75 லட்சம் வரை சம்பளம் வாங்குறவங்களுக்கு வரியே இல்லை. மிச்சம் பிடிக்க அங்க வரி எங்க இருக்கு?

இந்தச் செலவையெல்லாம் ஓரளவு ஒரே தாள்ல பார்க்க ஒரு வழி இருக்கு. 2024 அக்டோபர் 1 முதல் எல்லாச் சில்லறைக் கடனுக்கும் 'கீ ஃபேக்ட் ஸ்டேட்மென்ட்' கொடுக்கணும். கட்டணங்களையும் சேர்த்து வருடாந்திர வட்டி எவ்வளவுன்னு அதுல இருக்கும். உங்களுக்குப் புரியிற மொழியில கொடுக்கணும்னு விதி. தமிழ்லயே கேளுங்க.

அப்போ லோனே போடக்கூடாதா?

அப்படிச் சொல்லலைங்க. இன்னொரு பக்கமும் இருக்கு. இன்னைக்கு 20,911 ரூபாய் கனமாத் தெரியும். பத்து வருஷத்துல சம்பளம் ஏறியிருக்கும், அதே தொகை லேசாத் தெரியும். வாடகை மிச்சமாகும். சொந்த வீட்டுல அப்பா அம்மா உட்கார்ந்திருக்கிற நிம்மதிக்கு எக்ஸெல்ல கட்டம் கிடையாது. நான் சொல்றது ஒண்ணுதான்: விலை தெரிஞ்சு வாங்குங்க.

செய்ய வேண்டியது அஞ்சு

1. வட்டி ஏறினா இ.எம்.ஐ.யை ஏத்தச் சொல்லி எழுத்து மூலமா கேளுங்க. முழுசா முடியலைன்னா பாதியாவது ஏத்துங்க.

2. வட்டி இறங்கினா இ.எம்.ஐ.யைக் குறைக்காதீங்க. தம்பி 9.25-க்கு ஏத்தின இ.எம்.ஐ.யை அப்படியே கட்டிக்கிட்டு வர்றான். அதனால 2041-க்கு முன்னாடியே முடியும்.

3. வருஷத்துக்கு ஒரு இ.எம்.ஐ. கூடுதலா கட்டுங்க. போனஸ் வர்ற மாசம் வசதி. மேல சொன்ன 8 சதவீத, 20 வருஷ லோன்ல இப்படிச் செஞ்சா மூணு வருஷம் முன்னாடியே கடன் முடியும், சுமார் நாலரை லட்சம் வட்டி மிச்சமாகும். தனிநபர் ஃப்ளோட்டிங் ஹோம் லோனை முன்கூட்டியே கட்ட அபராதம் கிடையாது.

4. அவசர நிதியைத் தொடாதீங்க. ஆறு மாசச் செலவு தனியா இருக்கட்டும். எல்லாத்தையும் லோன்ல கொட்டிட்டு, வேலை போனா பர்சனல் லோன் தேடுறது புத்திசாலித்தனம் இல்லை.

5. கடன் முடிஞ்சதும் 30 நாளுக்குள்ள அசல் பத்திரங்களை வாங்கிடுங்க. 2023 டிசம்பர் 1 முதல், வங்கியோட தவறால தாமதமானா நாள் ஒண்ணுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தரணும். அடமானப் பதிவை ரத்து செய்ற ரசீதையும் பதிஞ்சு, வில்லங்கச் சான்றிதழ் போட்டுப் பாருங்க.

கடைசியா எங்க ஊர்ப்பக்கத்துக் கதை ஒண்ணு. விருத்தாசலத்துக்குப் பழைய பேர் திருமுதுகுன்றம். சுந்தரருக்கு இங்க சிவன் 12,000 பொன் கொடுத்தாராம். அதை மணிமுத்தாற்றுல போட்டுட்டுத் திருவாரூர்க் குளத்துல எடுத்துக்கோன்னு சொன்னாராம். சுந்தரர் சும்மா போடலை. பொன்னுல ஒரு துண்டை மச்சமா வெட்டி எடுத்து வச்சுக்கிட்டார். குளத்துல எடுத்த பொன்னை அதோட உரசிப் பார்த்தா, மாற்று குறைஞ்சிருந்ததாம்!

கொடுத்தது கடவுளே ஆனாலும் மச்சம் வச்சுக்கிட்டார் பாருங்க. நாம கொடுக்கல் வாங்கல் வச்சிருக்கிறது வங்கியோட. லோன் போடுற அன்னைக்கே மாதவாரி அட்டவணையை ஒரு பிரின்ட் எடுத்து பீரோவுல வைங்க. அதுதான் உங்க மச்சம். வருஷத்துக்கு ரெண்டு தடவை வங்கி ஸ்டேட்மென்டை அதோட உரசிப் பாருங்க. பாக்கி அசல் எவ்வளவு, பாக்கி மாசம் எத்தனை? ரெண்டே ரெண்டு எண்தான்.

இதைப் படிச்சு முடிச்ச கையோட உங்க பேங்க் ஆப்பைத் திறந்து, பாக்கி எத்தனை மாசம்னு பாருங்க. நினைச்சதைவிடக் கூட இருந்தா, நாளைக்கே கிளைக்கு ஒரு கடிதம் எழுதுங்க. லோன் போட்டிருக்கிற ஒரு நண்பருக்கும் இதை அனுப்புங்க. அட்டவணையை நீங்களே எக்ஸெல்ல போடுறது எப்படின்னு அடுத்த வீடியோவுல பார்க்கலாம்.