பெயரும் இனமும்: அகாந்தோபேக்ரஸ் மீன்களின் உயிரியலும் வகைப்பாடும்

முன்னுரை

பெயரிடுதல் மொழியின் செயல் மட்டுமன்று. அஃது அறிவின் செயலுமாகும். ஒரு பெயரின்கீழ் எவற்றைச் சேர்ப்பது, எவற்றை விலக்குவது என்னும் வினா மொழியாராய்ச்சியாளருக்குப் புதியதன்று. அதே வினா உயிரியலில் எத்தகைய விளைவுகளை உண்டாக்குகிறது என்பதற்குச் சீபிரீம் எனப்படும் மீன்கள் நல்லதோர் எடுத்துக்காட்டாகும். இக்கட்டுரை அம்மீன்களுள் அகாந்தோபேக்ரஸ் என்னும் பேரினத்தை எடுத்துக்கொண்டு, அதன் உடலமைப்பு, வாழ்க்கை முறை, பால்மாற்றம், வகைப்பாடு ஆகியவற்றை விளக்க முற்படுகிறது.

குடும்பமும் பேரினமும்

சீபிரீம் மீன்கள் ஸ்பாரிடே என்னும் குடும்பத்தைச் சேர்ந்தவை. இக்குடும்பத்தில் 150க்கும் மேற்பட்ட சிற்றினங்கள் அடங்கும். நெடுங்காலம் இது பெர்சிஃபார்மிஸ் என்னும் பெருவரிசையில் வைக்கப்பட்டிருந்தது. 2016இல் வெளிவந்த 'உலக மீன்கள்' என்னும் நூலின் ஐந்தாம் பதிப்பு இதனை ஸ்பாரிஃபார்மிஸ் என்னும் தனி வரிசையில் வைத்தது. எனினும் எல்லா வகைப்பாட்டாளரும் இதனை ஏற்றாரல்லர்.

முன்னர்ப் பல்லமைப்பை அடிப்படையாகக் கொண்டு இக்குடும்பத்தை ஆறு துணைக் குடும்பங்களாகப் பகுத்தனர். 2002 முதல் ஆரெல், கார்ப்பெண்டர் முதலானோர் மேற்கொண்ட மரபணு ஆய்வுகள் அப்பகுப்பு உண்மையான உறவைக் காட்டவில்லை என நிறுவின. ஒரே வகையான பற்கள் வெவ்வேறு கிளைகளில் தனித்தனியே தோன்றியுள்ளன. ஒலி ஒற்றுமையை மட்டும் கொண்டு இரு சொற்களுக்கு ஒரே வேர் காண்பது எத்துணைப் பிழையோ, அத்துணைப் பிழையே பல்லொற்றுமையை மட்டும் கொண்டு உறவு காண்பதும்.

அகாந்தோபேக்ரஸ் என்னும் பேரினத்தை 1855இல் வில்ஹெல்ம் பீட்டர்ஸ் என்னும் செருமானிய அறிஞர் நிறுவினார். 'அகாந்தா' என்னும் கிரேக்கச் சொல்லுக்கு முள் என்பது பொருள். இந்தியப் பெருங்கடலிலும் மேற்குப் பசிபிக்கிலும் இப்பேரினத்தைச் சார்ந்த ஏறத்தாழ இருபது சிற்றினங்கள் வாழ்கின்றன.

உடலமைப்பும் வாழ்விடமும்

இம்மீன்கள் உயர்ந்த முதுகும் பக்கவாட்டில் தட்டையான உடலும் கொண்டவை. முதுகுத் துடுப்பு ஒன்றே. அதன் முன்பகுதியில் பெரும்பாலும் 11 முட்கள் உள்ளன. குதத் துடுப்பின் மூன்று முட்களுள் இரண்டாவது மிகத் தடித்து நீண்டிருப்பது குறிப்பிடத்தக்கது. தாடையின் முன்புறத்தில் வலிய கூர்மழுங்கிய பற்களும், பக்கங்களில் பல வரிசைகளாக உருண்டையான அரைக்கும் பற்களும் உள்ளன. சிப்பி, நண்டு ஆகியவற்றின் ஓட்டை நொறுக்கி உண்பதற்கு இவ்வமைப்பு உதவுகிறது.

இவற்றுட் பல உப்பின் அளவு மாறிக்கொண்டேயிருக்கும் கழிமுகங்களிலும் சதுப்புநிலக் காடுகளை ஒட்டிய நீர்நிலைகளிலும் வாழ வல்லவை. பொதுவாக ஆற்றுவாய்க்கு அருகே கடலில் முட்டையிடுகின்றன. முட்டைகள் மிதப்பவை. இளமீன்கள் கழிமுகத்துள் புகுந்து வளர்கின்றன. ஆதலின் சதுப்புநிலக் காடுகள் அழிந்தால் இம்மீன்களின் வளர்ப்பிடமும் அழியும்.

பால்மாற்றம்

இப்பேரினத்தின் மிக வியப்பான கூறு பால்மாற்றமாகும். சீன, சப்பானியக் கடல்களில் வாழும் கருநிறச் சீபிரீமாகிய அகாந்தோபேக்ரஸ் ஷிலிகெலியை எடுத்துக்கொள்வோம். இதன் இனப்பெருக்க உறுப்பில் விந்தகத் திசுவும் சூலகத் திசுவும் ஒருங்கே உள்ளன. முதல் இரண்டு ஆண்டுகள் மீன் ஆணாகச் செயற்படுகிறது. மூன்றாம் ஆண்டு முதல் பல மீன்களில் விந்தகம் சுருங்கிச் சூலகம் வளர்கிறது. சில மீன்கள் ஆணாகவே நீடிக்கின்றன. எல்லாச் சிற்றினங்களும் இவ்வாறு மாறுவதில்லை. தென் ஆஸ்திரேலியக் கழிமுகங்களில் வாழும் அகாந்தோபேக்ரஸ் புட்செரி பெரும்பாலும் தன் பாலை மாற்றிக்கொள்வதில்லை.

இம்மாற்றத்தால் மீனுக்கு என்ன பயன்? 1969இல் மைக்கேல் கிசெலின் முன்வைத்த கருத்து இதற்கு விடை தருகிறது. சிறிய உடலும் போதிய விந்தணுவை உண்டாக்கும். முட்டைகளின் எண்ணிக்கையோ உடற்பருமனோடு கூடுகிறது. எனவே சிறிதாயிருக்கையில் ஆணாகவும் பெரிதானபின் பெண்ணாகவும் வாழும் மீன் மிகுதியான சந்ததியை விட்டுச்செல்கிறது.

ஒரு பெயருக்குள் பல இனங்கள்

1775இல் வெளியான ஃபோர்ஸ்கோலின் நூலில் 'பெர்டா' என்னும் இனம் முதன்முதலாக விவரிக்கப்பட்டது. அவர் டென்மார்க் அரசின் அரேபியப் பயணக் குழுவில் சென்று, 1763இல் ஏமனில் மறைந்தவர். உடன்சென்ற நீபூர் அவருடைய குறிப்புகளைப் பதிப்பித்தார். 1782இல் ஹவுட்டெய்ன் சப்பானிய மீனொன்றுக்கு 'லாட்டஸ்' என்று பெயரிட்டார். இலத்தீனில் அகன்றது என்பது அதன் பொருள். பின்வந்தோர் செங்கடல் முதல் மேற்குப் பசிபிக் வரை கருநிறமாகக் கண்டவற்றைப் 'பெர்டா' என்றும், மஞ்சள் துடுப்புடையவற்றை 'லாட்டஸ்' என்றும் அழைக்கலாயினர்.

சப்பானிய அறிஞர் இவாட்சுகி யூகியோவும் அவருடன் ஆய்ந்தோரும் அருங்காட்சியகங்களில் உள்ள மூல மாதிரிகளை மீண்டும் ஆராய்ந்தனர். முதுகுத் துடுப்பின் ஐந்தாம் முள்ளுக்கும் பக்கக்கோட்டுக்கும் இடையேயுள்ள செதில் வரிசைகளின் எண்ணிக்கை, துடுப்பின் நிறம் முதலியன அவர்களுக்குத் துணைநின்றன. 2010இல், மேற்குப் பசிபிக்கில் 'பெர்டா' எனக் கருதப்பட்டது வேறோர் இனமென்று கண்டு அதற்குப் 'பசிஃபிகஸ்' எனப் பெயரிட்டனர். அதே ஆண்டில் ஹீம்ஸ்ட்ராவுடன் இணைந்து, பீட்டர்ஸ் 1852இல் விவரித்த ஆப்பிரிக்க இனமாகிய 'வேகஸ்' என்பதையும் தனியினமாக மீட்டார் இவாட்சுகி. 2013இல் 'லாட்டஸ்' என்பது கிழக்காசியாவுக்குரியது மட்டுமே என வரையறுத்தார். வங்கக் கடலுக்குரியது 'லாங்கிஸ்பின்னிஸ்' எனவும் தெளிவாக்கினார். 'அராபிகஸ்', 'ஷெய்ம்', 'மாரிசோனி' ஆகிய மூன்றையும் புதிய இனங்களாக அறிவித்தார்.

பெயரால் விளையும் பயன்

இஃது ஏட்டளவிலான திருத்தம் என எண்ணலாகாது. ஓரிடத்து மீனின் வளர்ச்சி, முதிர்ச்சி வயது, முட்டையிடும் பருவம் ஆகிய அளவீடுகளை மற்றோரிடத்து மீனுக்கும் பொருத்தியமைக்குப் பொதுப்பெயரே காரணமாயிற்று. பெயர் பிரிந்தபின், பழைய அளவீடு ஒவ்வொன்றும் எக்கடலில் எடுக்கப்பட்டது என வினவ வேண்டியுள்ளது. பரவலாக வாழும் இனம் எனக் கருதப்பட்டது, குறுகிய கடற்பகுதிக்கு மட்டும் உரியதாக இருக்கலாம். அவ்வாறாயின் அப்பகுதியில் ஏற்படும் அழிவு ஈடுசெய்ய இயலாததாகும்.

பால்மாற்றமும் இவ்வாறே கருதத்தக்கது. சிறுமீன்களைப் பிடித்தலாகாது என்னும் குறைந்தபட்ச நீளவிதி பல நாடுகளில் உண்டு. ஆணிலிருந்து பெண்ணாக மாறும் இனத்தில் இவ்விதி பெரும்பாலும் ஆண்களையே காக்கிறது. வலையில் அகப்படுபவை முட்டைமிகுந்த பெண்களாகின்றன. பெண்ணிலிருந்து ஆணாக மாறும் பேக்ரஸ் பேக்ரஸ் போன்ற இனங்களிலோ பெரிய ஆண்கள் குறைகின்றன. ஆகவே எம்மீன் எவ்வாறு மாறுகிறது என்பதை இனம் இனமாக அறிந்தாலன்றி, காக்கும் நோக்கில் வகுத்த விதியே கேடு விளைவிக்கக்கூடும். பெரிய மீன்களுக்கும் ஒரு மேல்வரம்பு வைத்தல், முட்டையிடும் பருவத்தில் ஆற்றுவாயை மூடிவைத்தல் ஆகியன இதற்கு மாற்றுவழிகளாகக் கருதத்தக்கன.

முடிவுரை

அகாந்தோபேக்ரஸ் மீன்களின் வரலாறு இரு உண்மைகளை உணர்த்துகிறது. புறத்தோற்ற ஒற்றுமை உறவுக்குச் சான்றாகாது என்பது ஒன்று. பொருளைச் சரியாகப் பிரித்தறிந்து பெயரிட்டாலன்றி அதனைப் பேணவியலாது என்பது மற்றொன்று. தமிழில் அறிவியற் கலைச்சொல்லாக்கத்தில் ஈடுபடுவோரும் இதனை மனங்கொள்ளல் வேண்டும். சீபிரீம் என்னும் பொதுப்பெயருக்கு ஒரு தமிழ்ச்சொல் காண்பதோடு பணி முடிந்துவிடாது. நெய்தல்நில மக்கள் வழங்கும் மீன்பெயர்களைத் தொகுக்குங்கால், ஒவ்வொரு பெயரும் எவ்வினத்தைச் சுட்டுகிறது என்பதை மாதிரியோடும் இடக்குறிப்போடும் பதிவுசெய்தலே பயன்தரும். மீனியலாரும் மொழியியலாரும் இணைந்து ஆற்றத்தக்க பணி இதுவெனத் துணியலாம்.