கூடைப்பந்தில் ஒரு பத்மஸ்ரீ!



பிரெஞ்சு தெரிந்த தாத்தா, பாட்டி உங்கள் வீட்டில் இருக்கிறார்களா? அவர்களிடம் 'பாஸ்கெட்' என்றால் என்ன என்று கேட்டுப் பாருங்கள். கூடைப்பந்து என்பார்கள். காலில் போடும் விளையாட்டு ஷூவுக்கும் அதுதான் பெயர் என்பார்கள். ஆம்! விளையாட்டின் பெயரையே ஷூவுக்கும் வைத்துவிட்டார்கள் பிரெஞ்சுக்காரர்கள்.

இந்த விளையாட்டு பிறந்தது அமெரிக்காவில். 1891-ம் ஆண்டு குளிர்காலம். வெளியே பனி. மாணவர்கள் உள்ளேயே விளையாட ஏதாவது வேண்டுமே என்று யோசித்தார் ஜேம்ஸ் நெய்ஸ்மித் என்ற உடற்பயிற்சி ஆசிரியர். பீச் பழக்கூடைகள் இரண்டை 10 அடி உயரத்தில் மாட்டி, பந்தை அதற்குள் போடச் சொன்னார். கூடை போய் இரும்பு வளையம் வந்துவிட்டது. ஆனால், உயரம் இன்றைக்கும் அதே 10 அடிதான்!

அந்த வளையத்தைப் பார்த்தபடியே வளர்ந்த ஒரு தமிழ்ப் பெண்ணின் கதைதான் இது. அவர் பெயர் அனிதா பால்துரை. 1985-ல் பிறந்த சென்னைப் பெண். சிறு வயதில் ஓட்டப்பந்தயம், வாலிபால் என்று ஆர்வமாக இருந்தவர், பிறகு கூடைப்பந்துக்கு வந்தார். 2000-களின் தொடக்கத்திலேயே இந்திய அணியில் இடம் கிடைத்தது. 19 வயதில் அணியின் கேப்டன்! தன்னைவிட வயதில் மூத்த அக்காக்களையும் அவர் வழிநடத்த வேண்டியிருந்தது.

கூடைப்பந்து என்றாலே பனைமரம் போல வளர்ந்தவர்கள்தான் ஆட வேண்டும் என்று நினைக்கிறீர்களா? இல்லை. அனிதா ஆடியது 'கார்டு' என்ற இடத்தில். வளையத்துக்கு அடியில் நிற்கும் உயரமானவர்களின் வேலை வேறு. கார்டின் வேலை வேறு. பந்தைத் தட்டிக்கொண்டு முன்னேற வேண்டும். யார் எங்கே நிற்கிறார்கள் என்று நொடியில் கவனித்து, சரியான ஆளிடம் பந்தைக் கொடுக்க வேண்டும். தூரத்தில் இருந்தும் குறி தவறாமல் எறியத் தெரிய வேண்டும். இதற்கெல்லாம் 24 நொடிதான் நேரம். அதற்குள் பந்து வளையத்தை நோக்கிப் போகாவிட்டால், எதிரணிக்குப் போய்விடும்!

2013-ல் கத்தார் நாட்டின் தோஹாவில் மூவர் கூடைப்பந்து ஆசியப் போட்டி நடந்தது. பாதி மைதானம், ஒரே வளையம், அணிக்கு மூன்று பேர். இதில் ஒரு வேடிக்கையான விதி இருந்தது. ஆட்டம் நடக்கும்போது பயிற்சியாளர் பக்கத்தில் நின்று சொல்லித் தரக் கூடாது! தேர்வு அறையில் நீங்கள் தனியாக எழுதுகிறீர்களே, அதுபோல. அந்தத் தேர்வில் இந்தியப் பெண்கள் தங்கம் வென்றார்கள். அந்த அணியில் அனிதாவும் இருந்தார்.

பிறகு அவர் தாயானார். இனி ஆடுவது கஷ்டம் என்றுதான் யாரும் நினைப்பார்கள். கொஞ்ச நாள் ஓடாமல் இருந்தாலே மூச்சு வாங்கும். விரல்களுக்குப் பந்தின் பழக்கம் விட்டுப்போகும். அவரோ மறுபடியும் முதலில் இருந்து பயிற்சியைத் தொடங்கினார். 2017 ஜூலையில் பெங்களூருவில் நடந்த ஆசியக் கோப்பையின் இரண்டாம் பிரிவுப் போட்டியில் மீண்டும் இந்தியாவுக்காகக் களம் இறங்கினார்.

இறுதி ஆட்டத்தில் எதிரணி கஜகஸ்தான். மொத்தம் 40 நிமிடம். முடிவு என்ன தெரியுமா? இந்தியா 75, கஜகஸ்தான் 73! இரண்டே புள்ளிதான் வித்தியாசம். இரண்டு புள்ளி என்பது ஒரு கூடை. இந்தியா போட்ட இரண்டு புள்ளிக் கூடைகளில் ஒன்று தவறியிருந்தால்கூட ஆட்டம் சமமாகி இருக்கும். அந்த வெற்றியால் இந்தியா முதல் பிரிவுக்கு உயர்ந்தது.

ஆசியக் கூடைப்பந்துப் போட்டிகளில் ஒன்பது முறை ஆடிய அனிதாவுக்கு, 2021-ல் மத்திய அரசு பத்மஸ்ரீ விருது வழங்கிச் சிறப்பித்தது.

ஆடி முடித்தவர் வீட்டில் உட்காரவில்லை. பயிற்சியாளராகி இளம் பெண்களுக்குக் கற்றுத் தரத் தொடங்கினார். அது சுலபமான வேலை அல்ல. வகுப்பறையில் நான் பல முறை பார்த்திருக்கிறேன். கணக்கில் நூற்றுக்கு நூறு வாங்கும் பிள்ளையிடம், "பக்கத்தில் இருப்பவனுக்குச் சொல்லிக் கொடு" என்றால் திணறுவான். தனக்குத் தெரிவது ஒன்று. பிறருக்குப் புரிய வைப்பது வேறு. அதற்குப் பொறுமை வேண்டும். ஆடும்போது தன் கையால் கூடை போடலாம். பயிற்சியாளரோ கோட்டுக்கு வெளியே நிற்க வேண்டும். பிள்ளைகள் தவறவிடும்போது ஓடிப்போய்த் தான் எறிய முடியாது. அந்தப் பிள்ளையே அடுத்த முறை சரியாக எறியும்படி செய்ய வேண்டும்!

குழந்தைகளே, உங்கள் பள்ளியில் கூடைப்பந்துத் தளம் இருக்கிறதா? நாளை மாலை பந்தை எடுங்கள். பத்து முறை எறிந்து எத்தனை விழுகிறது என்று எண்ணி, ஒரு நோட்டில் எழுதுங்கள். ஒரு மாதம் கழித்து மறுபடியும் எண்ணிப் பாருங்கள். பிறகு, எறியத் தெரியாத ஒரு தோழனுக்கோ தோழிக்கோ சொல்லிக் கொடுங்கள். அவர்களின் பந்து வளையத்துக்குள் விழும்போது உங்களுக்கு வரும் மகிழ்ச்சி இருக்கிறதே, அது நீங்களே கூடை போட்டதைவிடப் பெரிதாக இருக்கும்!