வளையத்துக்குக் கீழே நின்றவர்

தர்ஜினி சிவலிங்கத்தின் உயரம் 208 செ.மீ. பழைய கணக்கில் ஆறடி பத்து அங்குலம். யாழ்ப்பாணம் புன்னாலைக்கட்டுவனில் 1979இல் பிறந்த இவர், இலங்கை வலைப்பந்தாட்ட அணியின் கோல் எறிபவராக ஆசியக் கோப்பையை மூன்று முறை வென்றவர். 2011 உலகக் கோப்பையில் சிறந்த கோல் எறிபவர் என்ற விருதைப் பெற்றவர். நாற்பது வயதைத் தாண்டியும் உலகக் கோப்பையில் ஆடியவர். சர்வதேச வலைப்பந்தாட்டம் ஆடிய பெண்களில் இவரை விட உயரமானவர் இல்லை என்பார்கள். ஜமைக்காவின் பேர்பெற்ற கோல் எறிபவர்கள் ரொமெல்டா ஏக்கனும் ஜனியேல் ஃபௌலரும் முறையே 196, 198 செ.மீ. உயரம். அவர்களும் இவர் பக்கத்தில் அரைச் சாண் அளவுக்குக் குறைந்துதான் நிற்பார்கள்.

வலைப்பந்தாட்டம் என்ற பெயரே தமிழ்நாட்டில் பலருக்குப் புதிது. பெயர்க் குழப்பமும் உண்டு. நம் ஊரில் கைப்பந்து என்றால் வாலிபால். அதையே இலங்கைத் தமிழர் கரப்பந்தாட்டம் என்பார்கள். நார்வேயில் பெண்கள் ஆடி உலகை வெல்லும் ஹேண்ட்பால் வேறு. அதில் பந்தைத் தரையில் தட்டிக்கொண்டு ஓடலாம், கோல் கம்பத்துக்குள் வீசி அடிக்கலாம். வலைப்பந்து என்பது நெட்பால். ஹேண்ட்பாலைப் போலவே ஓர் அணிக்கு ஏழு பேர், கையால்தான் ஆட்டம். ஒற்றுமை அத்தோடு சரி.

இதன் தாய் கூடைப்பந்து. 1891இல் அமெரிக்காவில் பிறந்த கூடைப்பந்து, சில ஆண்டுகளில் இங்கிலாந்தின் பெண்கள் கல்லூரிகளுக்குள் நுழைந்தது. நீண்ட பாவாடை கட்டிய மாணவிகள் பந்தைத் தட்டிக்கொண்டு ஓடுவது அன்றைக்கு ஆகாத காரியம். ஆகவே பந்தோடு ஓடக்கூடாது, ஆளைத் தொடக்கூடாது, அவரவர் பகுதியைத் தாண்டக்கூடாது என்று விதிகள் வந்தன. ஆங்கிலேயர் ஆண்ட நாடுகளின் பெண்கள் பள்ளிகள் வழியே அந்த ஆட்டம் பரவியது. இலங்கையில் அது வேரூன்றியது, இந்தியாவில் அவ்வளவாக ஊன்றவில்லை. சென்னை ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரியை நிறுவிய ஹாரி குரோ பக் 1940களில் அறிமுகப்படுத்திய த்ரோபால்தான் நம் பெண்கள் பள்ளி மைதானங்களில் அந்த இடத்தைப் பிடித்துக்கொண்டது. இலங்கைக்கோ இந்த ஆட்டத்தின் வரலாற்றிலேயே பங்குண்டு. நாட்டுக்கு நாடு மாறிக் கிடந்த விதிகளை ஒன்றாக்கி, உலக அமைப்புக்கு அடித்தளம் இட்ட கூட்டம் 1960இல் கொழும்பில்தான் நடந்தது. 1963இல் இங்கிலாந்தின் ஈஸ்ட்போர்னில் நடந்த முதல் உலகப் போட்டியில் இலங்கை அணியும் ஆடியது.

தர்ஜினியின் வேலை என்ன என்பது ஆடுகளத்தைப் பார்த்தால் விளங்கும். 100 அடி நீளம், 50 அடி அகலம். குறுக்கே இரண்டு கோடுகள் போட்டு மூன்று பாகமாகப் பிரித்திருப்பார்கள். இரு முனையிலும் ஒரு கம்பம். அதன் உச்சியில், 10 அடி உயரத்தில், வலை தொங்கும் இரும்பு வளையம். கூடைப்பந்தில் இருப்பது போல் பின்பலகை கிடையாது. பட்டுத் திரும்பி உள்ளே விழட்டும் என்று எறிய முடியாது. கம்பத்தைச் சுற்றி 16 அடி ஆரத்தில் ஓர் அரைவட்டம். அதற்குள் நின்று எறிந்தால்தான் கோல். ஏழு பேரில் கோல் எறியும் உரிமை இருவருக்கு மட்டும். மார்பில் ஜி.ஏ. என்று எழுதிய பட்டியை அணிந்தவர் களத்தின் மூன்றில் இரண்டு பாகம் ஓடியாடி வருவார். ஜி.எஸ். பட்டி அணிந்தவர் எதிரணி முனையில் இருக்கும் ஒரு பாகத்தை விட்டு நகரவே கூடாது. தர்ஜினி அணிந்தது ஜி.எஸ். பட்டி.

பந்து கைக்கு வந்தால் மூன்று வினாடிக்குள் கைமாற்ற வேண்டும், அல்லது எறிய வேண்டும். தட்டி ஓட முடியாது. காலை ஊன்றிய இடத்திலிருந்து நகர முடியாது. தடுப்பவர் மூன்றடி தள்ளி நிற்க வேண்டும். அங்கிருந்து கையை நீட்டி மறைக்கலாம், குதிக்கலாம், தொடக்கூடாது. உயரம் எங்கே கைகொடுக்கிறது என்பது இந்த மூன்றடி விதியில்தான் இருக்கிறது. 208 செ.மீ. உள்ளவர் கையை மேலே தூக்கினால் விரல் நுனிக்கும் வளையத்துக்கும் இடையே ஒரு முழம்கூட இருக்காது. மூன்றடி தள்ளி நிற்கும் நடுத்தர உயரப் பெண்ணுக்கு அந்தக் கையில் இருக்கும் பந்து, துரட்டிக்கு எட்டாத தேங்காய்.

ஆனால் பந்து அந்தக் கைக்கு வந்து சேர வேண்டுமே. தர்ஜினியின் ஆட்டத்தைப் பார்ப்பவர்கள் பெரும்பாலும் தவறவிடுவது இதைத்தான். நடுவட்டத்தில் விசில் ஊதியதும் பந்து இரண்டு கை மாறி அரைவட்டத்தின் ஓரத்துக்கு வந்துவிடும். அதற்குள் தர்ஜினி வளையத்துக்கு அடியில், தடுப்பவரை முதுகால் அணை கட்டியது போல நிறுத்திவிட்டு, ஒரு கையை உயர்த்திக் காட்டியிருப்பார். ஓரத்தில் இருப்பவர் பந்தை அவரை நோக்கி எறிவதில்லை. அவர் தலைக்கு மேலே, கம்பத்தின் பக்கமாக, வேறு யாருக்கும் எட்டாத வெற்றிடத்தில் போடுவார். அங்கே தர்ஜினியின் கை போகும். பந்தைப் பறித்து இறக்கி, உடம்பை வளையத்தின் பக்கம் திருப்பி, முழங்காலைச் சற்று மடக்கி, மணிக்கட்டால் மட்டும் தள்ளுவார். பந்து மேலெழும்புவதே தெரியாது. வலை அசைந்த பிறகுதான் கோல் என்று புரியும்.

உயரமானவர் எல்லாருக்கும் இது வந்துவிடாது. இரண்டு பேர் முன்னும் பின்னுமாக நெருக்கும்போது இடத்தை விடாமல் நிற்கக் காலில் வலு வேண்டும். பலகை இல்லாத வளையத்தில் ஒரே நாளில் ஐம்பது அறுபது முறை தவறாமல் போடும் கை வேண்டும். எதிரணிகளும் சும்மா இருக்கவில்லை. தர்ஜினியைத் தடுத்துப் பயனில்லை, அவருக்குப் பந்து போடுபவரைத் தடு என்று கற்றுக்கொண்டன. அரைவட்டத்தின் ஓரத்திலேயே கைகளை விரித்து மறித்தார்கள். ஆசிய அணிகளிடம் செல்லுபடியான உயரப் பந்து, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து போன்ற அணிகளிடம் பாதி வழியிலேயே பறிபோகும். இலங்கை உலக அரங்கில் கடைசி வரிசை அணிகளில் ஒன்றாகவே இருந்தும் அதன் கோல் எறிபவர் முதல் வரிசையில் இருந்ததன் விநோதம் இதுதான்.

அவர் வளர்ந்த வலிகாமம் பகுதி அமைதியான ஊர் அல்ல. உள்நாட்டுப் போரில், 1995 இறுதியில் ராணுவம் முன்னேறியபோது லட்சக்கணக்கான மக்கள் வலிகாமத்தை விட்டு ஒரே இரவில் தென்மராட்சிக்கும் வன்னிக்கும் நடந்தார்கள். யாழ்ப்பாணத்தைத் தெற்கோடு இணைக்கும் ஏ-9 சாலை 1990இல் மூடப்பட்டு, போர்நிறுத்தத்துக்குப் பின் 2002இல்தான் திறந்தது. 2006இல் மறுபடி மூடியது. வடக்கிலிருந்து ஒரு பெண் தேசிய அணிக்குப் போவது, ஆட்டத்திறமைக்கு முன்பு பாதை சம்பந்தப்பட்ட விஷயமாக இருந்த காலம் அது. சிறுவயதில் உயரத்துக்காகக் கேலிக்கு ஆளானதைத் தர்ஜினியே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். கேலிக்குக் காரணமான அதே உயரம் 2000களின் நடுவில் அவரைத் தேசிய அணிக்குள் கொண்டுவந்தது.

இலங்கையில் வலைப்பந்தாட்டம் தொழிலாக ஆடப்படும் ஆட்டம் அல்ல. சம்பளம் ஆட்டத்திலிருந்து வராது. வங்கி, ராணுவம், ஆடைத் தொழிற்சாலை என்று ஒரு வேலையிலிருந்து வரும். அந்த நிறுவனங்கள் தங்களுக்குள் போட்டி நடத்தும். நம் ஊரில் ரயில்வேயும் வங்கிகளும் கபடி, வாலிபால் வீராங்கனைகளுக்கு வேலை கொடுப்பது போலத்தான். தர்ஜினி செலான் வங்கி அணிக்காக ஆடினார். நார்வேயில் ஒரு ஹேண்ட்பால் வீராங்கனை கிளப் சம்பளத்திலேயே வாழ்ந்துவிட முடியும். ஹங்கேரி, பிரான்ஸ் கிளப்புகள் விலை பேசி அழைத்துப் போகும். தர்ஜினியை விட ஒரு வயது இளையவரான நார்வே கோல்காப்பாளர் கத்ரின் லுண்டே 2008, 2012, 2024 ஒலிம்பிக்குகளில் மூன்று தங்கம் வென்றிருக்கிறார். வலைப்பந்துக்கு ஒலிம்பிக்கில் இடமே இல்லை. அதன் உச்சம், நான்கு ஆண்டுக்கு ஒரு முறை வரும் உலகக் கோப்பைதான்.

போர் முடிந்த 2009ஆம் ஆண்டிலேயே மலேசியாவில் நடந்த ஆசியக் கோப்பையை இலங்கை வென்றது. 2001க்குப் பிறகு அதுதான் முதல் வெற்றி. தர்ஜினியின் பெயர் நாடெங்கும் தெரியவந்தது அப்போதுதான். அந்த ஆண்டில் சிங்களப் பத்திரிகைகளின் விளையாட்டுப் பக்கத்தில் ஒரு யாழ்ப்பாணப் பெண்ணின் படம் வந்தது சாதாரணச் செய்தி அல்ல. இரண்டு ஆண்டு கழித்து சிங்கப்பூரில் உலகக் கோப்பை. ஆஸ்திரேலியா நியூசிலாந்தைக் கூடுதல் நேரத்தில் 58-57 என்று வென்ற போட்டி அது. அங்கே சிறந்த கோல் எறிபவர் விருது தர்ஜினிக்கு. பதக்கத்தின் பக்கமே வராத ஓர் அணியிலிருந்து ஒருவர் அந்த விருதை எடுத்துப் போவது அடிக்கடி நடப்பதில்லை. அதைத் தொடர்ந்து ஆஸ்திரேலியக் கதவு திறந்தது. மெல்பர்னின் சிட்டி வெஸ்ட் ஃபால்கன்ஸ் கிளப்புக்காக ஆடினார். சனிக்கிழமை தோறும் பள்ளி மைதானங்களில் ஆயிரக்கணக்கான சிறுமிகள் நெட்பால் ஆடும் நாடு அது. இலங்கையில் ஒரு பருவத்தில் கிடைக்கும் தரமான எதிர்ப்பு அங்கே ஒரு மாதத்தில் கிடைக்கும்.

இலங்கை அணிக்கு அடுத்த ஆண்டுகள் வறட்சியாகவே போயின. 2012, 2014 ஆசியக் கோப்பைகளைச் சிங்கப்பூர் எடுத்துக்கொண்டது, 2016இல் மலேசியா. இடையில் அணியை விட்டு விலகியிருந்த தர்ஜினி 2018இல் திரும்பினார். திலகா ஜினதாச பயிற்சியாளர், சதுரங்கி ஜயசூரிய அணித்தலைவி. வடக்கின் இன்னொரு தமிழ் வீராங்கனையான எழிலேந்தினி சேதுகாவலரும் அணியில் இருந்தார். சிங்கப்பூரில், அந்நாட்டு ரசிகர்கள் நிறைந்த அரங்கில் இறுதியாட்டம். இலங்கை 69, சிங்கப்பூர் 50. ஒன்பது ஆண்டுக்குப் பின் கோப்பை. 2019 லிவர்பூல் உலகக் கோப்பையிலும் பந்து போட்டவர்கள் போட, அவர் எறிந்துகொண்டே இருந்தார்.

ஓர் அணி ஒருவரின் கையையே நம்பி ஆடுவது நல்லதா என்ற கேள்வி இலங்கையில் அப்போதே எழுந்தது. நியாயமான கேள்விதான். எல்லாப் பந்தும் ஒரே இடத்துக்குப் போனால் ஜி.ஏ.வுக்கு வேலை இல்லை. இளையவர்களுக்குக் கோல் எறியும் பழக்கமே வராது. ஆனால் இறுதியாட்டத்தில் நிற்கும் பயிற்சியாளரிடம் இதைச் சொல்லிப் பயனில்லை. 2022இல் மறுபடியும் சிங்கப்பூரில், மறுபடியும் சிங்கப்பூரை எதிர்த்து, 63-53 என்று இலங்கை வென்றது. அது நாட்டுக்கு ஆறாவது ஆசியக் கோப்பை. பெட்ரோலுக்கும் எரிவாயுவுக்கும் மக்கள் வரிசையில் நின்ற, அதிபர் நாட்டை விட்டுப் போன ஆண்டு அது. இலங்கையின் ஆண்கள் கிரிக்கெட் அணி ஆசியக் கோப்பையை வென்ற அதே செப்டம்பர் நாளில் இந்த வெற்றியும் வந்ததால் இரண்டு அணிகளையும் ஒன்றாக ஊர்வலம் அழைத்துப் போனார்கள். பெண்கள் அணிக்கு அப்படி ஒரு வரவேற்பு எப்போதும் வாய்ப்பதில்லை.

2023இல் கேப்டவுன் உலகக் கோப்பை அவருடைய கடைசிப் பெரிய போட்டி. அதோடு சர்வதேச ஆட்டத்திலிருந்து ஒதுங்கினார்.

தமிழ்நாட்டில் வலைப்பந்து பெரிதாகப் பரவாவிட்டாலும், நீலகிரியின் நெல்லியாளம், பந்தலூர், கூடலூர் பக்கத்துக்கு இலங்கை தூரத்து நாடு அல்ல. 1964ஆம் ஆண்டு சிறிமாவோ-சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி திரும்பி வந்து, அரசின் டேன்டீ தேயிலைத் தோட்டங்களில் கொழுந்து பறிக்க அமர்ந்த குடும்பங்கள் இங்கே ஏராளம். அவர்கள் வந்தது யாழ்ப்பாணத்திலிருந்து அல்ல. நுவரெலியா, பதுளை, கண்டி, மாத்தளை மலைகளிலிருந்து. இலங்கைத் தமிழர் என்று ஒரே சொல்லில் சொன்னாலும் வடக்கின் வரலாறு வேறு, மலையகத்தின் வரலாறு வேறு. அந்தக் குடும்பங்கள் பல்லாண்டு வாழ்ந்த நாட்டில் பள்ளிப் பெண்பிள்ளைகளின் ஆட்டம் என்றால் வலைப்பந்துதான். அவர்கள் வந்து சேர்ந்த மலையில் அதற்குக் கம்பம் நட்ட பள்ளியைக் காண்பது அரிது.

2024 அக்டோபரில் ஆசியக் கோப்பை, கூடலூர்க்காரர்கள் மைசூரு வழியாக ஒரே பகலில் போய்ச் சேரக்கூடிய பெங்களூருவுக்கு வந்தது. இறுதியாட்டத்தில் இலங்கையும் சிங்கப்பூரும். அரைவட்டத்துக்குள் தர்ஜினி இல்லை. சிங்கப்பூர் 67, இலங்கை 64.